மேலிருந்து அடைத்த வேலி

திருகோணமலைக்கு அருகே உப்புவெளியில் உறவினர் ஒருவரின் வளவில், ஏழரை அடி அகலமும் ஆறு அடி உயரமும் கொண்ட, பின்னிய தென்னோலைகளாலான கிடுகு வேலி ஒன்றைப் பார்வையாளர்கள் முன்னிலையில் அடைத்து முடித்தேன். வேலி அடைப்பதுதான் ஆற்றுகை (performance). அடைக்க அடைக்க நான் அதன் பின்னால் மறைந்துபோவேன்; இடையிடையே என் கதையைச் சொல்வேன். பல மாதங்கள் சரிவராமல் இழுத்துக்கொண்டிருந்த வேலை இப்போதுதான் ஒரு வடிவத்துக்கு வந்திருக்கிறது. திருகோணமலையிலும் மூதூர்ப் பக்கத்திலும் மட்டக்களப்பிலும் தங்கள் வாழ்க்கையை வைத்து ஆற்றுகை செய்ய நினைக்கும் சிலர் எப்படிச் செய்தேன் என்று கேட்டார்கள். அவர்களுக்காக, நடந்த ஒழுங்கிலேயே எழுதுகிறேன்.

என் ஊர் மூதூருக்கு அருகிலுள்ள சம்பூர். 2006இல் போரால் ஊரே இடம்பெயர்ந்தபோது எனக்கு ஒன்பது வயது. வாகரை, மட்டக்களப்பு, பிறகு கிளிவெட்டி முகாம். 2016இல் ஊர் திரும்பினோம். ஊரில் இருந்த காலத்தில் அம்மா கிடுகு பின்னி விற்றார். முகாமில் தகரமும் தறப்பாளும்தான். பின்னுவதற்கு ஓலையும் இல்லை, ஊறப்போடத் தண்ணீரும் இல்லை. ஆகவே அந்தத் தொழிலைப் பழக வேண்டிய வயதில் நான் பழகவில்லை. என்னைப் பற்றி ஓர் ஆற்றுகை என்று யோசித்தபோது கதையை விடக் கிடுகுதான் முதலில் வந்தது.

தொடக்கத்தில் வெறும் பேச்சாகவே திட்டமிட்டேன். ஒரு கதிரை, ஒரு விளக்கு, இருபது பக்கம் எழுத்து. நண்பர்கள் சிலருக்கு வாசித்துக் காட்டினேன். அவர்கள் அழுதார்கள், எனக்கு அது பிடிக்கவில்லை. நான் எந்த இடத்தில் குரலைத் தாழ்த்தினால் அவர்கள் கண் கலங்கும் என்று எனக்கே தெரிந்திருந்தது. அந்தத் திறமையை என் ஊர்க்கதையின் மேல் செலுத்த மனம் ஒப்பவில்லை. தைவானில் பிறந்து நியூயோர்க்கில் வாழ்ந்த ஆற்றுகைக் கலைஞர் தெஹ்சிங் ஷியே 1980 ஏப்ரல் முதல் 1981 ஏப்ரல் வரை ஓர் ஆண்டு முழுவதும், இரவு பகலாக, மணிக்கொரு தடவை தொழிற்சாலை வரவு இயந்திரத்தில் அட்டையைப் பதிந்ததைப் பற்றி அப்போதுதான் படித்தேன். அவர் எதையும் விவரிக்கவில்லை. உடலுக்கு ஒரு வேலை, அந்த வேலைக்கென ஒரு நேரம். எனக்கு வேண்டியது அதுதான் என்று பட்டது. கதிரையை எடுத்துவிட்டு ஓலையைக் கொண்டுவந்தேன்.

ஓலையிலேயே முதல் சிக்கல். பச்சை மட்டையை வெட்டிப் பின்னினால் கைக்கு இதமாக இருக்கும். காய்ந்ததும் ஒவ்வோர் இலையும் சுருங்கி, இடையில் விரல் நுழையும் அளவுக்கு இடைவெளி விழுந்துவிடும். காய்ந்து விழுந்த ஓலையைத்தான் எடுக்க வேண்டும். மட்டையை நடுவே நீளவாக்கில் பிளந்து, கட்டாகக் கட்டி, தண்ணீரில் அமிழ்த்தி, மேலே கல் ஏற்ற வேண்டும். நான் சீமெந்துத் தொட்டியில் மூன்று நாள் போட்டேன். அம்மா வந்து ஓர் இலையை விரலில் சுற்றிப் பார்த்துவிட்டு, “இன்னும் இரண்டு நாள் கிடக்கட்டும்” என்றார். இரண்டு நாளில் இலை தோல்போல் மடிந்தது. ஒரு மட்டையைப் பிளந்தால் இரண்டு கிடுகு. நுனிப்பக்கத்தை வெட்டி எல்லாவற்றையும் நான்கு அடி நீளத்துக்குச் சமப்படுத்தினேன். பின்னிய பிறகு அகலம் ஏறக்குறைய ஓர் அடி வந்தது.

அடுத்தது காற்று. ஆனி, ஆடி மாதங்களில் திருகோணமலையில் கச்சான் வீசும். தரைப்பக்கமிருந்து வரும் வறண்ட காற்று. கொடியில் போட்ட சேலை பத்து நிமிடத்தில் காய்ந்துவிடும். நாள்கணக்கில் ஊறிய ஓலையும் அப்படித்தான். பின்னத் தொடங்கும்போது வளைந்த இலை பாதியில் முறியத் தொடங்கியது. ஈரச் சாக்கில் சுற்றி வைப்பதும், பக்கத்தில் ஒரு வாளித் தண்ணீர் வைத்து அவ்வப்போது கையால் தெளிப்பதும்தான் வழி. இந்தத் தெளிப்பு பிறகு ஆற்றுகையின் பகுதியாகவே ஆனது. ஒளியில் அந்த நீர்த்துளிகள் தெரிகின்றன என்று பார்த்தவர்கள் சொன்னார்கள். நான் அதை அழகுக்காகச் செய்யவில்லை. தெளிக்காவிட்டால் ஓலை முறியும்.

இனி வேலியின் கணக்கு. கூரைக்கு வேய்வதுபோல் பாதிக்குப் பாதி மேலடுக்கு வைத்தால் ஒவ்வொரு கிடுகிலும் ஆறு அங்குலம்தான் வெளியே தெரியும். ஆறு அடி உயரத்துக்கு, முழுதாகத் தெரியும் ஒரு வரிசையோடு பதினொரு வரிசை, இருபத்திரண்டு கிடுகாவது வேண்டும். அம்மா ஒன்றை ஐந்து நிமிடத்தில் முடிப்பார், எனக்குப் பன்னிரண்டு நிமிடம் ஆகும். பின்னுவதற்கு மட்டுமே நான்கு மணிநேரத்துக்கு மேல் போய்விடும். இது வேலிதானே, கூரை இல்லையே என்று மேலடுக்கை இரண்டு அங்குலமாகக் குறைத்தேன். முதல் வரிசை பன்னிரண்டு அங்குலம், அடுத்த ஆறு வரிசைகளும் பத்துப் பத்து: எழுபத்திரண்டு அங்குலம் சரியாக வந்தது. ஏழு வரிசை, வரிசைக்கு இரண்டாகப் பதினான்கு கிடுகு. அவற்றில் பத்தை அம்மா முன்கூட்டியே பின்னித் தந்தார். நான்கை மட்டும் பார்வையாளர் முன் நான் பின்னுவது என்று முடிவு செய்தேன். பின்னுவதற்கு நாற்பத்தெட்டு நிமிடம், கட்டுவதற்குக் கிடுகுக்கு மூன்று நிமிடமாக நாற்பத்திரண்டு நிமிடம். மொத்தம் ஒன்றரை மணிநேரம். பேச்சின் நீளத்தை நான் தீர்மானிக்கவில்லை, இந்தக் கணக்குத்தான் தீர்மானித்தது. இருபது பக்க எழுத்து நான்கு பக்கமாகச் சுருங்கியது.

வழக்கப்படி வேலியைக் கீழிருந்துதான் அடைப்பார்கள். ஒத்திகையில் அப்படியே செய்தேன். நிலத்தில் இருந்து பின்னும்போது என் கண் உயரம் முப்பது அங்குலம். மூன்றாவது வரிசை ஏறியதும் நான் முழுதாக மறைந்துவிட்டேன். அதன் பிறகு எழுந்து கட்டும்போது வேலிக்கு மேல் ஒரு தலை மட்டும் தெரிந்தது. என் முகம் ஐந்தாவது வரிசைவரை இருந்தது, என் வேலையைத்தான் யாரும் பார்க்கவில்லை. நான் விரும்பியது இதற்கு நேர்மாறு. ஆகவே மேலிருந்து தொடங்கினேன். இரண்டாவது வரிசையிலேயே நிற்கும் என் முகம் மறைந்துவிடுகிறது. ஆனால் உட்கார்ந்து பின்னும்போது கீழே முழுதாகத் தெரிவேன். ஐந்தாவது வரிசையோடு உட்கார்ந்த முகமும் போகும். அதன் பிறகு கைகள். ஆறாவது முடிந்ததும் நிலத்தோடு பத்து அங்குல இடைவெளி மட்டும் எஞ்சும். அதில் விரல்களும் பாதமும் ஓலையும் தெரியும்.

அம்மா ஒத்திகை பார்க்க வந்திருந்தார். “மேலேயிருந்து யாராவது வேலி அடைப்பார்களா, பிள்ளை?” என்றார். பிறகு எழுந்து வந்து மேலடுக்கைத் தடவிப் பார்த்தார். நான் உள்ளே நிற்பதால் அடுத்த கிடுகின் மேல் விளிம்பை முன்னதற்கு உட்புறமாகச் செருகியிருந்தேன். மேல் கிடுகுதான் வெளியே நின்றது. “சரி, மழை உள்ளே வராது” என்று சொல்லிவிட்டுப் போய் அமர்ந்தார். அந்தச் சொல்லுக்குப் பிறகு யாருடைய அபிப்பிராயமும் எனக்குத் தேவைப்படவில்லை.

ஆனால் மேலிருந்து அடைப்பதற்கு ஒரு விலை உண்டு. காற்று முதலில் மேல் வரிசையைத்தான் பிடிக்கிறது. கம்பத்தின் உச்சியில் விழும் தள்ளு அடியை நெம்பிவிடுகிறது. உப்புவெளி மண் கடற்கரை மணல். ஒன்றரை அடி புதைத்த கம்பங்கள் இரண்டாவது வரிசையிலேயே சாயத் தொடங்கின. அலவாங்கால் இரண்டரை அடி ஆழம் தோண்டி, கம்பத்தை இறக்கி, மணலைச் சிறிது சிறிதாகப் போட்டுத் தண்ணீர் ஊற்றி இடித்தேன். அத்துடன் ஒவ்வொரு கம்பத்தின் தலையிலிருந்தும் தும்புக்கயிறு ஒன்றைக் காற்று வரும் பக்கத்துத் தென்னைமரத்துக்கு இழுத்துக் கட்டினேன். நடுக்கம்பம் ஒன்று வைத்திருந்தால் இவ்வளவு பாடு இருந்திருக்காது. ஆனால் அது நான் அமரும் இடத்தை மறைத்தது, எடுத்துவிட்டேன். அதனால் கம்பங்களுக்குக் குறுக்கே கட்டும் வரிச்சுகள் தொய்ந்தன; மெல்லிய காட்டுத்தடிகளுக்குப் பதிலாகப் பனஞ்சலாகை போட்டதும் நேராக நின்றன.

இப்போது குத்தூசி. வேலி அடைப்பதைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அது ஒருவர் செய்யும் வேலை இல்லை. உள்ளே நிற்பவர் கயிறு கோத்த ஊசியை வெளியே குத்துவார். வெளியே நிற்பவர் கயிற்றை வரிச்சின் மேலாகச் சுற்றி மறுபடி ஊசிக் காதில் கோத்துக் கொடுப்பார். உள்ளே இருப்பவர் இழுத்து முடிச்சுப் போடுவார். எனக்கு வெளியே ஒருவர் வேண்டும். முதலில் ஒரு நண்பரைப் பழக்கினேன். அவர் நன்றாகச் செய்தார், அதுவே குறையாகியது. இரண்டு தொழிலாளர்கள் வேலை செய்வதைப் பார்ப்பதுபோல் பார்வையாளர்கள் தள்ளியே இருந்தார்கள். 1964இல் கியோட்டோவில் ஜப்பானியக் கலைஞர் யோகோ ஓனோ மேடையில் அமர்ந்து, பார்வையாளர்கள் ஒவ்வொருவராக வந்து தன் உடையைக் கத்தரிக்க விட்டார். கத்தரிக்கோலைக் கொடுத்தவுடன் வந்தவர் பார்வையாளராக இருக்க முடியாது. நானும் நண்பரை விட்டுவிட்டு, ஒவ்வொரு கிடுகுக்கும் ஒருவரை அழைத்தேன். யார் வருகிறாரோ அவர். தெரியாதவர்களுக்குப் பக்கத்தில் இருப்பவர்கள் சொல்லிக் கொடுத்தார்கள். ஒரு வயதான ஐயா என் முடிச்சு இளகியிருக்கிறது என்று வெளியிலிருந்தே இரண்டு முறை திருப்பி அனுப்பினார்.

ஊசியின் கூர்மையைப் பற்றி ஒரு சொல். கடையில் கிடைத்த ஊசி மிகக் கூரானது. மறுபுறம் யார் கை, யார் முகம் இருக்கிறது என்று உள்ளே நிற்கும் எனக்குத் தெரியாது. கொல்லரிடம் பதினான்கு அங்குல நீளத்தில், முனை மழுங்கலாக, காது அகலமாக ஒன்று அடிப்பித்தேன். முனை மழுங்கியதால் குத்துமுன் ஈர்க்குகளின் இடையே வழி தேட வேண்டியிருக்கிறது. அந்தத் தேடலில் ஓலை சரசரக்கும், வெளியே நிற்பவர் ஊசி எங்கே வரும் என்று காத்திருப்பார். குத்தும் முன் கைவிரலால் இரண்டு தட்டுத் தட்டுவேன். அவரும் பதிலுக்குத் தட்டிய பிறகுதான் குத்துவது. இந்த ஒழுங்கை யாரும் மாற்ற வேண்டாம்.

பேச்சும் வேலையும் ஒன்றாகப் போவதுதான் மிகக் கடினமாக இருந்தது. பின்னிக்கொண்டே பேசினால், கதை கனத்த இடத்தில் கை நின்றுவிடும். கை நின்றால் பேச்சு நாடகமாகிவிடும். குரலைப் பதிவு செய்து ஒலிபெருக்கியில் விட்டுப் பார்த்தேன். என் குரல் எங்கிருந்தோ வர, நான் அதற்கு அபிநயம் பிடிப்பவள்போல் இருந்தேன். கடைசியில் பின்னும்போது பேசுவதே இல்லை என்று வைத்துக்கொண்டேன். கட்டும்போது மட்டும், வேலியின் மறுபுறம் நிற்கும் அந்த ஒருவரிடம் சொல்வதுபோல், சாதாரணக் குரலில் பேசினேன். முடிச்சு விழுந்ததும் பேச்சு நிற்கும், வாக்கியம் பாதியில் இருந்தாலும். அம்மாவைப் போல் வேகமாகப் பின்ன வேண்டும் என்று முயன்றதையும் அதோடு விட்டுவிட்டேன். என் பன்னிரண்டு நிமிடம்தான் என் வயதையும் நான் இழந்த ஊரையும் சரியாகச் சொல்கிறது.

ஒவ்வொரு வரிசைக்கும் ஒரு விடயம். முதல் வரிசை என் தேசிய அடையாள அட்டை இலக்கம். பழைய ஒன்பது இலக்க முறையில் முதல் இரண்டும் பிறந்த ஆண்டு. அடுத்த மூன்றும் ஆண்டில் எத்தனையாவது நாள் என்பது. பெண் என்றால் அதோடு 500 கூட்டுவார்கள். நான் 1997 மார்ச் 10இல் பிறந்தேன். நாட்காட்டியின்படி அது 69ஆவது நாள். அட்டையின் கணக்கு எல்லா ஆண்டிலும் பெப்ரவரிக்கு 29 நாள் வைப்பதால் எனக்கு 70, பெண்ணாகையால் 570. 1997இல் இல்லாத ஒரு நாளும், பெண் என்பதற்கான ஐந்நூறும் சேர்ந்து என் பெயருக்குப் பதிலாக நிற்கின்றன. இதை விளக்கிச் சொல்ல ஒரு கிடுகு கட்டும் நேரம் சரியாகப் போதும். கேட்டவர்களில் பலர் அந்த இடத்திலேயே தங்கள் அட்டையை எடுத்து எண்ணிப் பார்த்தார்கள்.

மற்ற வரிசைகள் முகவரிகள்: சம்பூர், வாகரை, மட்டக்களப்பு, கிளிவெட்டி, திருகோணமலை விடுதி, மறுபடியும் சம்பூர். முகாமில் இருந்தபோது அடையாள அட்டைக்கு விண்ணப்பித்த நாளைப் பற்றிக் கிளிவெட்டி வரிசையில் சொல்கிறேன். நிரந்தர முகவரி என்ற கோட்டில், போக முடியாத ஊரை எழுதினேன்.

வாகரை வரிசைக்கு இரண்டு பக்கம் எழுதியிருந்தேன். அம்மா வாசிக்கச் சொல்லிக் கேட்டார். கேட்டு முடித்துவிட்டு, “இது உன்னுடைய கதை மட்டும் இல்லை. இதைச் சொல்லாதே” என்றார். தன்வரலாறு என்று நாம் சொல்லும் எதுவும் தனி ஆளுடையதாக இருப்பதில்லை. என் ஒன்பது வயதுக்குள் அம்மாவின் முப்பத்தைந்து வயதும் இருக்கிறது. அதை விற்கவோ வழங்கவோ எனக்கு உரிமை இல்லை. அந்த இரண்டு பக்கத்தையும் எடுத்துவிட்டேன். வேறு எதையும் அங்கே நிரப்பவில்லை. மூன்றாவது வரிசையை வாய் திறக்காமல் கட்டுகிறேன். தட்டல், பதில் தட்டல், ஊசி, கயிறு, முடிச்சு. வெளியே வருபவருக்கு இது முன்கூட்டித் தெரியாது. ஆறு நிமிடம் யாரும் எதுவும் கேட்பதில்லை. இந்த வகை ஆற்றுகை செய்ய நினைப்பவர்களிடம் நான் வற்புறுத்திச் சொல்வது ஒன்றுதான்: எழுதியதை முதலில் அதில் வருகிறவர்களிடம் வாசித்துக் காட்டுங்கள், இடம் பதிவு செய்வதற்கு முன்பே.

விளக்கு விடயம் விரைவாகச் சொல்லிவிடலாம். காய்ந்த ஓலைக்குப் பக்கத்தில் குப்பி விளக்கோ பெற்றோல்மக்ஸோ வைக்கக் கூடாது. முதலில் 50 வாட் எல்ஈடி விளக்கை என் பின்னால் வைத்தேன். என் நிழல் பெரிதாக வேலியில் விழுந்து கண்ணைப் பறித்தது. 10 வாட் மஞ்சள் விளக்கு ஒன்றை மூன்றடி உயரத்தில் வைத்தது போதுமானதாக இருந்தது. ஒன்று, மூன்று, ஐந்து, ஏழாம் வரிசைகளில் ஒவ்வொன்று நான் பின்னியது. அம்மாவின் கிடுகுகள் நெருக்கமானவை, ஒளி கசியாது. என்னுடையவை கசியும். எது யாருடையது என்று கடைசி வரிசையில் இருந்தவர்கள்கூடச் சொல்லக் கூடியதாக இருந்தது.

பார்வையாளர்களை முன்னால் மட்டும் இருத்தியிருந்தேன். நான்காவது வரிசை முடிந்ததும் சில சிறுவர்கள் எழுந்து சுற்றி வந்து என் பக்கத்தில் அமர்ந்துவிட்டார்கள். யாரோ கூப்பிட்டும் போகவில்லை. ஒருத்தி தண்ணீர் தெளிக்கத் தொடங்கினாள். நான் மறைந்துகொண்டிருக்கிறேன் என்று முன்னால் இருந்தவர்கள் நினைத்துக்கொண்டிருக்க, பின்னால் நான் எங்கும் போகவில்லை. மட்டக்களப்பில் கூத்துக்கு வட்டக்களரி போட்டு எல்லாப் பக்கமும் சனம் இருப்பது இதனால்தான் என்று எனக்கு அப்போது உறைத்தது. அடுத்த முறை பாய்களைப் பாதிக்குப் பாதி இரண்டு பக்கமும் விரித்தேன். உள்ளே இருப்பவர்கள் அம்மா பின்னிய கிடுகுகளை எடுத்துத் தருகிறார்கள், வெளியே இருப்பவர்கள் கயிறு கோக்கிறார்கள். கட்டும் நேரம் குறையவில்லை. எனக்கு இடுப்பு வலி குறைந்தது.

செலவு: ஒத்திகைக்கும் சேர்த்து ஓலை 1,250 ரூபாய், கம்பங்கள் 1,800, பனஞ்சலாகை 1,400, தும்புக்கயிறு 900, குத்தூசி 1,500, விளக்கும் வயரும் 2,200, சாமான் ஏற்ற லாண்ட்மாஸ்டர் (இருசக்கர உழவு இயந்திரம்) கூலி 3,500, தேநீருக்கு 2,000. மொத்தம் 14,550. ஓலை, கூலி, தேநீர் தவிர மற்றவை திரும்பவும் பயன்படும். அம்மாவின் கூலியை நான் முதலில் எழுதவில்லை. அடுத்த முறை கிடுகுக்கு 100 ரூபாய்ப்படி கணக்கில் எழுதிக் கொடுக்கப்போகிறேன். வேண்டாம் என்பார். ஆனாலும் அது தொழில்.

அடுத்ததைச் சம்பூரிலேயே செய்ய வேண்டும். மாசி, பங்குனியில் வைத்தால் மழையும் ஓய்ந்திருக்கும், கச்சானும் தொடங்கியிருக்காது. அங்கே மண் இறுக்கம் அதிகம், இரண்டடிக் குழி போதும். இழுவைக் கயிற்றையும் விட்டுவிடலாம். குத்தூசியின் காதை இன்னும் ஒரு நூல் அகலமாக்கக் கொல்லரிடம் கொடுத்திருக்கிறேன், பார்வை குறைந்தவர்கள் கோக்கச் சிரமப்படுகிறார்கள். ஓலை ஊறப்போடும் தொட்டி ஊரில் இல்லை. வளவில் ஆறடிக்கு மூன்றடிக் குழி வெட்டித் தறப்பாள் விரித்துத் தண்ணீர் நிரப்பலாம் என்று அம்மா சொல்கிறார். தை முடிவதற்குள் அதை வெட்டிவிட வேண்டும்.